தேளிக்கு நேட்டிவ் எது?

வெள்ளானூரில் 'லேக் வியூ' என்று ஒரு நான்கு மாடிக் குடியிருப்பு இருக்கிறது. அதன் எந்த ஜன்னலைத் திறந்து எட்டிப் பார்த்தாலும் ஏரி தெரியாது. எதிர்க் குடியிருப்பின் ஜன்னல்தான் தெரியும். அந்தக் குடியிருப்பின் பெயர் 'லேக் வியூ - இரண்டு'. அங்கே இருப்பவர்களுக்கு இவர்கள் தெரிவார்கள். இப்படியாக இரண்டு தரப்பும் ஒருவரை ஒருவர் ஏரியாகப் பாவித்து வாழ்ந்துவருகிறார்கள்.

முதல் குடியிருப்பின் முதல் மாடியில் வசிப்பவர் சம்பந்தம். வயது அறுபத்துமூன்று. ஆவடியில் ஒரு பாதுகாப்புத் துறைத் தொழிற்சாலையின் ஸ்டோர்ஸில் முப்பத்தாறு வருஷம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். வரலாற்றில் இடம் கேட்கும் அளவுக்கு அவர் வாழ்க்கையில் ஒரே ஒரு சம்பவம்தான் நடந்தது. அதிலும் முக்கால் பாகம் நடந்து முடிந்த பிறகும் அவருக்குப் புரியவில்லை. மீதிக் கால் பாகத்தை அவர் மனைவி சுலோசனா புரிந்துகொண்டாள்.

ஸ்டோர்ஸில் இருந்தவரைக்கும் சம்பந்தத்துக்குக் குழப்பம் என்றால் என்னவென்று தெரியாது. பதினாலாயிரம் விதமான போல்ட்டு, நட்டு, வாஷர்கள். ஒவ்வொன்றுக்கும் ஓர் எண், ஒவ்வோர் எண்ணுக்கும் ஒரு பெட்டி. கண்ணை மூடிக்கொண்டு உள்ளங்கையில் ஒரு வாஷரை வைத்தால் போதும், "ஏழாவது ரேக்கு, மூணாவது தட்டு, இடது பக்கம்" என்று சொல்லிவிடுவார். ஓய்வு பெற்ற மறுநாள் காலை பால் வாங்க வெளியே வந்தபோதுதான் உலகத்தில் பெட்டிகளே கிடையாது என்பதை அவர் முதன்முதலாகப் பார்த்தார். பச்சைப் பாக்கெட், நீலப் பாக்கெட், ஆரஞ்சுப் பாக்கெட் எல்லாமே பால் என்றார்கள். அன்றைக்கு ஆரம்பித்தது.

அதற்குப் பிறகு அவருக்கு எதிலும் சந்தேகம். லிஃப்டையே எடுத்துக்கொள்ளுங்கள். லிஃப்ட் கீழே நிற்கிறது, இவர் முதல் மாடியில் நிற்கிறார். லிஃப்ட் மேலே வந்தால்தானே இவர் ஏற முடியும்? ஆகவே மேல்நோக்கிய அம்பை அழுத்துவார். லிஃப்ட் வரும், அவரை ஏற்றிக்கொண்டு நான்காவது மாடிக்குப் போகும். "கீழ போறதுக்குக் கீழ் அம்பை அழுத்தணும் அங்கிள்" என்று குடியிருப்பில் எல்லோரும் சொல்லியாகிவிட்டது. "சரிப்பா, ஆனா லிஃப்ட் மேலதானே வரணும்?" என்பார். இந்தக் கேள்விக்கு இன்றுவரை ஒருவரும் நேரான பதில் சொல்லவில்லை.

ஆனால் அவருடைய குழப்பங்களில் மூத்தது, ஸ்டோர்ஸில் சேர்வதற்கு முன்பே அவரோடு இருந்தது, ஒன்று உண்டு. அது 'நேட்டிவ்' என்ற சொல்.

அந்தக் குடியிருப்பில் நாற்பத்தெட்டு வீடுகள். லிஃப்டில் இரண்டு பேர் சேர்ந்து நின்றால், முதல் மாடி தாண்டுவதற்குள் ஒருவர் கேட்டுவிடுவார்: "உங்களுக்கு நேட்டிவ் எதுங்க?" பொள்ளாச்சி, நாகர்கோவில், தேவகோட்டை, ஆரணி என்று பதில் வரும். வெள்ளானூர் என்று சொன்னவர் எவரும் இல்லை. சம்பந்தம் ஆவடி குவார்ட்டர்ஸில் பிறந்தவர். குவார்ட்டர்ஸ் பள்ளிக்கூடத்தில் படித்து, குவார்ட்டர்ஸ் கிளப்பில் கல்யாண வரவேற்பு வைத்தவர். ஆனால் குவார்ட்டர்ஸ் யாருக்கும் நேட்டிவ் ஆகாது என்று அவர் அப்பா உறுதியாகச் சொல்லிவிட்டார். "நேட்டிவ்னு கேட்டா நம்ம ஊரை எழுதுல" என்றார். ஆகவே பள்ளிக்கூட விண்ணப்பத்திலிருந்து ஓய்வூதியப் படிவம் வரைக்கும் அந்தக் கட்டம் எங்கே வந்தாலும் சம்பந்தத்தின் கை தானாக எழுதும்: அம்பாசமுத்திரம் தாலுகா, திருநெல்வேலி மாவட்டம். அந்த ஊருக்கு அவர் ஒரே ஒரு தடவை, எட்டு வயதில், மொட்டை போடப் போயிருக்கிறார். மூன்று நாள் தங்கினார். மூன்று நாளும் வயிற்றுப்போக்கு.

இனி மீன்.

இரண்டு வருஷத்துக்கு முன் மிக்ஜாம் புயல் வந்த அன்று, பெயரளவுக்காவது ஏரியைப் பார்க்க முடியாதிருந்த குடியிருப்புவாசிகளைப் பார்க்க ஏரியே நேரில் வந்தது. கார்கள் நிற்கும் இடத்தில் முழங்கால் ஆழத்துக்குத் தண்ணீர். சம்பந்தம் தன் ஸ்கூட்டரைத் தேடி இறங்கினார். காலில் ஏதோ வழவழவென்று உரசியது. "பாம்பு! பாம்பு!" என்று கத்தி, அதையே மிதித்து, விழுந்து, எழுந்து பார்த்தால், மாடிப்படியின் கீழ்ப் படிக்கட்டில் ஒரு சாண் நீளத்துக்குக் கறுப்பாக ஒன்று நெளிந்துகொண்டிருந்தது. மீசை இருந்தது. பாம்புக்கு மீசை கிடையாது என்ற அளவில் சம்பந்தத்துக்குச் சந்தேகம் இல்லை. தண்ணீர் மொள்ளும் வாளியைக் கவிழ்த்து அதைப் பிடித்து மாடிக்குக் கொண்டுபோனார்.

சுலோசனாவுக்கு மதுராந்தகம் பக்கம். வாளிக்குள் ஒரு பார்வை பார்த்தாள். "தேளி" என்றாள். பிறகு பெருமூச்சு விட்டாள். "நல்லா மொளகு போட்டு வெச்சா வாசம் தெருவுக்கே அடிக்கும். என்ன பண்றது, கார்த்திகை மாசமாப் போச்சு."

கார்த்திகையில் அவர்கள் வீட்டில் அசைவம் இல்லை. மாதம் முடியும்வரை இருக்கட்டும் என்று பின்பக்க மூலையிலிருந்த பழைய உறைக்கிணற்றில் அதை விட்டார் சம்பந்தம். அங்கே வயல் இருந்த காலத்துக் கிணறு அது. அதிலிருந்து யாரும் தண்ணீர் எடுப்பதில்லை. கார்த்திகை முடிந்ததும் மார்கழி வந்தது. மார்கழியிலும் அசைவம் இல்லை. தை பிறந்தபோது சம்பந்தம் அதற்குத் தினமும் காலை எட்டேகாலுக்கு ஒரு கவளம் சோறு போடுகிறவராக ஆகிவிட்டிருந்தார். சாப்பாடு போட்டு வளர்த்ததைச் சாப்பிடுவது ஸ்டோர்ஸ்காரர் ஒருவர் ஸ்டாக்கில் கை வைப்பதைப் போன்றது என்பது அவர் கருத்து.

அது தண்ணீருக்குள் இருந்தாலும் நாலைந்து நிமிஷத்துக்கு ஒரு தடவை மேலே வந்து காற்று வாங்கிப் போகும். 'பொளக்' என்று ஒரு சத்தம், ஒரு வாய், எட்டு மீசை, அவ்வளவுதான் தெரியும். சம்பந்தம் கிணற்றின் இரும்பு வலைமேல் குனிந்து அன்றைய சந்தேகங்களை அதனிடம் கேட்பார். பொளக் என்னும். குடியிருப்பில் அவருக்கு அவ்வளவு தெளிவாகப் பதில் சொன்னது அது ஒன்றுதான். "சம்பந்தம் சார் சம்பந்தமில்லாம பேசறார்" என்று அதற்குச் சொல்லத் தெரியாது.

இப்படிச் சுமுகமாக இருந்த உறவில், போன சித்திரையில் குடியிருப்புச் சங்கத்தின் பொதுக்குழு குறுக்கிட்டது.

சங்கச் செயலாளர் பிரசன்னா. ஐ.டி. கம்பெனியில் வேலை, பொள்ளாச்சிக்காரர், முப்பத்துநாலு வயது, மரியாதை தெரிந்தவர். ஒரே ஒரு குறை, அவர் காருக்கு உள்ளே இடமில்லை. தெருவில் நிறுத்திய காரில் மூன்று தடவை யாரோ கோடு போட்டுவிட்டுப் போயிருந்தார்கள். மூன்றாவது கோட்டுக்குப் பிறகு அவர் பின்பக்க மூலையை டேப்பு வைத்து அளந்தார். கிணற்றை மூடினால் நான்கு கார் நிற்கும்.

"யாருமே பொழங்காத கெணறுங்க. மூடிப்போட்டா எல்லாருக்கும் சவுகரியமுங்க. ஆட்சேபணை இருக்குதுங்களா?" என்றார் பொதுக்குழுவில்.

சம்பந்தம் எழுந்தார். "உள்ள ஒருத்தர் இருக்காருப்பா."

நாற்காலிகள் கிரீச்சிட்டன. இரண்டு பேர் கிணற்றுப் பக்கம் ஓடிவிட்டார்கள்.

"யாருங்க அங்கிள்?"

"தேளி."

ஓடியவர்கள் திரும்பி வந்து உட்காரச் சிறிது நேரம் ஆனது. அதற்குள் சம்பந்தம் சட்டைப்பையிலிருந்து ஒரு பத்திரிகைத் துண்டை எடுத்தார். 'ஏரிகளில் அருகிவரும் நாட்டுத் தேளி: பாதுகாக்கக் கோரிக்கை' என்று தலைப்பு. கீழே படம். வாய், எட்டு மீசை. பிரசன்னா பணிவோடு தன் போனை எடுத்துத் தேடி நீட்டினார். 'தடை செய்யப்பட்ட ஆப்பிரிக்கத் தேளி: கண்டால் அழிக்க வேண்டுகோள்.' கீழே படம். வாய், எட்டு மீசை. இரண்டும் ஒரே மீனின் படமாகவும் இருக்கலாம். பத்திரிகைக்காரர்களுக்கும் ஸ்டோர்ஸ் கிடையாது.

"நாட்டுத் தேளின்னா காப்பாத்தணும். ஆப்பிரிக்கத் தேளின்னா அது இருக்கற மத்த மீனையெல்லாம் தின்னுபோடும், அதனால கொன்னுபோடணும்னு போட்டிருக்குதுங்க. இது எதுங்க அங்கிள்?"

சம்பந்தம் வாயைத் திறந்தார். மூடினார். மீனும் அப்படித்தான் செய்யும்.

பின்வரிசையிலிருந்து ஒரு குரல் கேட்டது: "சிம்பிளா கேளுங்க சார். அதோட நேட்டிவ் எது?"

நாற்பத்தெட்டு வீட்டார் யோசித்தார்கள். வெள்ளத்தில் வந்தது. எங்கிருந்து வந்தது, என்ன வேலையாக வந்தது, யாருக்கும் தெரியாது. அங்கிருந்த அத்தனை பேரும் ஏறக்குறைய அப்படித்தான் வந்திருந்தார்கள் என்பதால் அதை ஒரு குற்றமாகச் சொல்லவும் நாக்கு வரவில்லை. கடைசியில் ஒரு தீர்மானம் போட்டார்கள். சம்பந்தப்பட்ட அலுவலகத்துக்கு எழுதிக் கேட்பது. நாட்டுத் தேளி என்று பதில் வந்தால் கிணறு இருக்கும், மீனும் இருக்கும். இல்லையென்றால் இரண்டும் இருக்காது. விண்ணப்பம் எழுதும் பொறுப்பு சம்பந்தத்துக்கு. அலுவலகம் 'சம்பந்தப்பட்ட' அலுவலகம் என்பதால் அது தன் கடமைதான் என்று அவரும் ஏற்றுக்கொண்டார்.

படிவத்தை பிரசன்னாவே அச்செடுத்துக் கொடுத்தார். மை தீர்ந்துபோன அச்சு. சம்பந்தம் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, முப்பத்தாறு வருஷம் பேரேட்டில் எழுதிய முத்து முத்தான கையெழுத்தில், ஒரு கட்டம் விடாமல் நிரப்பினார். மீனின் பெயர், எண்ணிக்கை, தற்போது வசிக்கும் இடம், உணவு. எல்லாவற்றையும் எழுதிக் கீழே கையெழுத்திட்டு, ஜெராக்ஸ் ஒன்று எடுத்து வைத்துக்கொண்டு, பதிவுத் தபாலில் அனுப்பினார். வாழ்க்கையில் ஒரு வேலையைக் குழப்பமில்லாமல் செய்து முடித்தோம் என்று அன்றைக்கு ஒரு கவளம் சோறு கூடப் போட்டார்.

இருபது நாளில் பதில் வந்தது. அவர் அதைக் கிணற்றடியிலேயே நின்று வாய்விட்டுப் படித்தார். அது சம்பந்தப்பட்ட மீனுக்கும் கேட்க உரிமை உண்டல்லவா?

'பார்வையில் கண்ட தங்கள் விண்ணப்பத்தின்படி, மேற்படி மீன் திருநெல்வேலி மாவட்டம், அம்பாசமுத்திரம் தாலுகாவைப் பூர்வீகமாகக் கொண்டது எனத் தெரியவருகிறது...'

சம்பந்தம் நிறுத்தினார். அவருக்கு மயிர்க்கூச்செறிந்தது. "அடப்பாவி, நீயும் அம்பாசமுத்திரமாடா?" என்றார் கிணற்றுக்குள். பொளக் என்று பதில் வந்தது. அலுவலகம் என்றால் அலுவலகம்தான், உட்கார்ந்த இடத்திலிருந்தே எப்படிக் கண்டுபிடித்துவிட்டார்கள் என்று வியந்துகொண்டே மிச்சத்தைப் படித்தார்.

'எனவே மேற்படி மீன் மேற்படி ஏரிப் பகுதிக்கு அயல் இனம் எனக் கருதப்பட்டு, வரும் வியாழக்கிழமை காலை பதினொரு மணிக்கு அலுவலர் முன்னிலையில் மேற்படி கிணற்றிலிருந்து அப்புறப்படுத்தி அழிக்கப்படும்.'

மாடிக்கு எப்படி வந்தார் என்று அவருக்குத் தெரியாது. லிஃப்ட் நாலாவது மாடிக்குப் போய்வந்தது மட்டும் நினைவிருந்தது.

சுலோசனா கடிதத்தைப் படித்தாள். "ஜெராக்ஸைக் கொண்டாங்க" என்றாள். அதை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். "நேட்டிவ்னு போட்டு, பக்கத்துல ஆம், இல்லைன்னு மங்கலா இருக்கு பாருங்க. நாட்டு மீனா, இல்லையான்னு ஒண்ணை டிக் அடிக்கணும். நீங்க இன்னா எழுதி வெச்சிருக்கீங்க?"

அந்த மங்கலின் மேல், முத்து முத்தாக, அம்பாசமுத்திரம் தாலுகா.

"கை தானா எழுதிடுச்சு சுலோ."

"கை எழுதிச்சு. தலைய எங்க வெச்சிட்டு எழுதினீங்க?"

சம்பந்தம் ஜெராக்ஸை வாங்கி மடித்தார். ஒரு வார்த்தையில் அவர் அந்த மீனுக்குத் தன் ஊரைக் கொடுத்தார், அதே வார்த்தையில் அதன் உயிரை எடுத்துவிட்டார். இதை எந்த ரேக்கில் வைப்பது?

மறுநாள், புதன்கிழமை, ஆவடி மார்க்கெட்டுக்குப் போனார். அங்கே மீன் விற்கும் வடிவு எதையும் வெட்டுவதற்கு முன்னால் வாடிக்கையாளரையே முதலில் வெட்டுகிறவள்.

"வா நைனா. இன்னா, வஞ்சரமா?"

"மீன் வேணாம்மா. ஒரு சந்தேகம்."

"சந்தேகத்த ஆயறதில்ல இங்க. மீனு வாங்கு, கூட தரேன்."

அரைக் கிலோ சங்கராவை வாங்கிக்கொண்டு கதையைச் சொன்னார். வடிவு அரிவாள்மணையிலிருந்து கையை எடுக்காமல் கேட்டாள்.

"மீசைய வெச்சிக் கண்டுபுடிக்கப் பாத்தியா? மீச வெச்சவன்லாம் போலீஸா நைனா? ரெண்டுக்கும்தான் மீசகீது. முதுகுல ரெக்கையப் பாரு. நம்ம தேளிக்குத் துண்டா தக்குணூண்டு ஒண்ணு. அந்த ஆப்பிரிக்காகாரனுக்குத் தலையாண்டேந்து வாலு வரிக்கும் ஓடும்."

"தக்குணூண்டுன்னா எத்தனை மில்லிமீட்டர்?"

வடிவு அவரை ஏற இறங்கப் பார்த்தாள். இந்த ஆளை ஆய முடியாது என்று புரிந்துகொண்டாள்.

"சரி, அத உடு. இன்னொண்ணு சொல்றேன் கேட்டுக்கோ. அதுக்கு இன்னாத்துக்குத் தேளின்னு பேரு வந்துச்சி? தேளு மாரி கொட்டும். கன்னத்தாண்ட ரெண்டு முள்ளு வெச்சிகினுகீது. அந்த ஆப்பிரிக்கா வளப்பு மீனு சொம்மா பெருசா சோம்பேறியாட்டம் கெடக்கும். கைய உட்டுப் பாரு. கொட்டுச்சின்னா நம்மாளு. கொட்லன்னா எனக்குக் கொண்டாந்து குடு."

"கொட்டினா என்ன ஆகும்மா?"

"ஒண்ணியும் ஆவாது. உயிரு போவும், ரெண்டு மணி நேரத்துல திரும்பி வந்துரும். சுடுதண்ணில கைய வெச்சிகினு குந்து."

சம்பந்தம் வீட்டுக்கு ஒரு தெளிவோடு திரும்பினார். கொட்டினால் நாடு, கொட்டாவிட்டால் வெளிநாடு. ரேக் ஏழு, தட்டு மூன்று மாதிரி. சுலோசனாவிடம் நாளைக்கு ஃபிளாஸ்க் நிறைய வெந்நீர் வேண்டும் என்றார். எதற்கு என்று கேட்டவள் பதிலைக் கேட்டதும், "உங்களைக் கட்டிக்கிட்டதுக்கு நான் முப்பத்திரண்டு வருஷமா வெந்நீர்லதான் நிக்கறேன்" என்றாள். ஆனால் ஃபிளாஸ்க்கைக் கழுவி வைத்தாள்.

வியாழன் பதினொரு மணிக்கு அலுவலர் வந்தார். பெயர் ராஜசேகரன். கையில் ஒரு கோப்பும் ஒரு பாலித்தீன் பையும். குடியிருப்பு வாசலில் மண் லாரி ஒன்று ஏற்கெனவே உறுமிக்கொண்டு நின்றது. பிரசன்னா அன்று வீட்டிலிருந்து வேலை. காதில் ஒரு மீட்டிங், கண்ணில் கிணறு.

"சார், அந்தப் படிவத்துல ஒரு தப்பு நடந்துபோச்சு. அம்பாசமுத்திரம் மீனோட நேட்டிவ் இல்ல, என்னோட நேட்டிவ்" என்றார் சம்பந்தம்.

அலுவலரின் முகம் மலர்ந்தது. "உங்களுக்கு நேட்டிவ் அம்பையா? என் மச்சினிச்சியை அங்கதான் குடுத்திருக்கு. ஊருக்குள்ள எந்தப் பக்கம் நீங்க?"

"தெரியாது சார்."

"ஆத்துல குளிச்சிருப்பீங்களே? என்ன தண்ணி!"

"வயித்துப்போக்கு சார்."

அலுவலர் கோப்புக்குத் திரும்பினார். "பேப்பர்ல இருக்கறதைத்தான் நான் செய்ய முடியும். உண்மையைச் சொல்லணும்னா எனக்கு ஏரி மீனே தெரியாது சார். நான் நாகப்பட்டினத்துல இறால் பாத்துக்கிட்டிருந்தவன். மாத்தி மூணு வாரந்தான் ஆகுது. இறாலா இருந்தா அதோட தாத்தா பேரைக்கூடச் சொல்வேன்."

"அப்ப முதுகு ரெக்கையைப் பார்த்துச் சொல்லுங்க சார். கொஞ்சமா இருந்தா நம்மது, நீளமா இருந்தா வெளிநாடு."

அலுவலர் சம்மதித்தார். சம்பந்தம் வாளியில் ஒரு கவளம் சோற்றைப் போட்டுக் கயிறு கட்டி இறக்கினார். பொளக். எட்டேகாலுக்குச் சோறு கிடைத்ததே, பதினொன்றே காலுக்கு மறுபடியுமா என்று ஒரு கணம்கூடச் சந்தேகப்படாமல் மீன் வாளிக்குள் வந்தது. கயிற்றை இழுக்கும்போது சம்பந்தத்தின் கை கனத்தது. வாளி கனம்தான் என்று தனக்கே சொல்லிக்கொண்டார்.

நாலு தலைகள் வாளியைச் சூழ்ந்தன. பச்சைப் பாசித் தண்ணீர். மீன் சாட்டை மாதிரி சுழன்றது, புரண்டது, மறுபடி சுழன்றது.

"நீளமா இருக்குதுங்க! நல்லா வாலு வரைக்கும் ஓடுதுங்க!" என்றார் பிரசன்னா.

"அது வயித்துப் பக்கம்ப்பா. முதுகைப் பாரு" என்றாள் சுலோசனா.

"எதுங்க முதுகு?"

"வயிறு இல்லாதது."

"இப்ப திரும்பிடுச்சு. இப்ப எது வயிறு?" என்றார் அலுவலர். "கொஞ்சமாவும் இருக்கு, நீளமாவும் இருக்கு. ரெண்டு ரகமும் கலந்த மாதிரி இருக்கு. கலப்புக்குப் படிவம் கிடையாதே."

சம்பந்தம் சட்டைக் கையை முழங்கைக்கு மேல் மடித்தார். "நான் கையை விடறேன். கொட்டினா நாட்டுத் தேளி. மார்க்கெட்டுல விசாரிச்சிட்டேன்." அலுவலர் யோசித்தார். இதற்கு விதி இல்லை. ஆனால் இதற்கு எதிராகவும் விதி இல்லை.

கை வாளிக்குள் போனது. சம்பந்தம் கண்ணை மூடிப் பல்லைக் கடித்துக்கொண்டார். அறுபத்துமூன்று வருஷத்தில் அவர் எதையும் இவ்வளவு ஆசையோடு எதிர்பார்த்ததில்லை.

ஒன்றும் நடக்கவில்லை.

மீன் சுற்றுவதை நிறுத்திவிட்டது. மெதுவாக வந்து அவர் விரல்களை மீசையால் தடவிப் பார்த்தது. ஒவ்வொரு விரலாக. சோறு எங்கே என்று தேடியது.

"கொட்டுப்பா" என்றார் சம்பந்தம் மெல்ல. மீன் அவர் உள்ளங்கையில் வந்து படுத்தது. "ஏ, கொட்டுல! தயவுசெஞ்சு கொட்டு. நான்தான் சொல்றேன்ல?"

கோபம் வந்தால் மட்டும் அவர் அப்பாவின் பேச்சு அவர் வாயில் வரும். மீனுக்கு எந்தப் பேச்சும் எட்டவில்லை. இரண்டு வருஷம் சோறு போட்ட கையை அதற்கு அடையாளம் தெரிந்திருந்தது. அந்த அடையாளம்தான் அதன் கழுத்துக்குக் கயிறு என்பது அதற்குத் தெரியவில்லை. உள்ளங்கையில் வைத்த எதையும் ரேக்கு, தட்டு சொல்லத் தெரிந்தவருக்கு முதன்முதலாக உள்ளங்கை ஒன்றும் சொல்லவில்லை. அது மட்டும் நனைந்து வழவழவென்று இருந்தது.

"கொட்டலைங்க அங்கிள்" என்றார் பிரசன்னா. அவர் குரலிலும் உற்சாகமில்லை. ஆனாலும் லாரிக்காரருக்குக் கை காட்டினார். லாரி பின்பக்கமாக உள்ளே வரத் தொடங்கியது.

சம்பந்தம் கையை எடுத்தார். துடைத்துக்கொள்ளவில்லை. "ஆப்பிரிக்காவா இருந்தா என்ன சார், அதுக்கு அங்க யாரைத் தெரியும்?" என்றார் யாரையும் பார்க்காமல்.

"எனக்குப் புரியுது சார். டூட்டி" என்ற அலுவலர், பாலித்தீன் பையை இடது கையில் விரித்துப் பிடித்துக்கொண்டு, இறால் பிடித்துப் பழகிய வலது கையை வாளிக்குள் சடாரென்று விட்டு மீனைக் கழுத்தோடு அமுக்கினார்.

அதற்குப் பிறகு அவர் போட்ட சத்தம் 'லேக் வியூ - இரண்டு' வரைக்கும் கேட்டது. எல்லா ஜன்னல்களும் திறந்தன. அந்தக் குடியிருப்பிலிருந்து பார்ப்பதற்கு அன்றைக்குத்தான் ஏதோ ஒன்று இருந்தது.

"ஐயோ! அம்மா! கொட்டிடுச்சு! கை போச்சு! இது என்னய்யா மீனா, தேளா?"

"அதைத்தான் சார் எழுதிக் குடுக்கச் சொல்றேன்!" என்று சம்பந்தமும் கத்தினார்.

சுலோசனா ஃபிளாஸ்க்கைத் திறந்து ஒரு பாத்திரத்தில் ஊற்றி, கணவனுக்காகக் கொண்டுவந்த வெந்நீரில் அரசாங்கத்தின் கையைப் பிடித்து வைத்தாள். அலுவலர் கிணற்றுச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்து, முனகி, வியர்த்து, ஒருவழியாகப் பேசத் தொடங்கினார்.

"எழுதுங்க சார். வலது கை வேலை செய்யாது, நான் சொல்றதை எழுதுங்க. மேற்படி மீன் நாட்டுத் தேளி. அருகிவரும் இனம். மேற்படி கிணற்றிலேயே பாதுகாக்கப்பட வேண்டியது. உறுதி செய்த முறை..." அவர் உதட்டைக் கடித்துக்கொண்டார். "உறுதி செய்த முறை: அலுவலரின் நேரடி ஆய்வு."

பிரசன்னா காதிலிருந்த மீட்டிங்கைக் கழற்றினார். "ஒரு சந்தேகமுங்க. உங்களைக் கொட்டுச்சு, அங்கிளைக் கொட்டலை. ஒருத்தருக்கு நாடு, ஒருத்தருக்கு வெளிநாடுன்னு எப்படிங்க எடுத்துக்கறது?"

அலுவலர் சிவந்த கண்களால் அவரைப் பார்த்தார். "சந்தேகம் இருக்கவங்க கையை விட்டுப் பார்க்கலாம் சார். வாளி இங்கதான் இருக்கு."

பிரசன்னா இரண்டு கைகளையும் பேண்ட் பைக்குள் வைத்துக்கொண்டார். பிறகு ஒரு கையை மட்டும் எடுத்து, லாரியை வெளியே போகச் சொல்லி அசைத்தார். லாரி போகிற போக்கில் தெருவில் நின்ற அவருடைய காரில் நான்காவது கோட்டைப் போட்டது.

சம்பந்தம் வாளியைக் கிணற்றில் இறக்கிக் கவிழ்த்தார். ஏன் தன்னைக் கொட்டவில்லை என்று கேட்க நினைத்தார். பொளக் என்றால் அதை எப்படி எடுத்துக்கொள்வது என்று தெரியாததால் கேட்கவில்லை.

அலுவலர் கோப்பிலிருந்து புதுப் படிவம் ஒன்றை எடுக்கச் சொன்னார். இது நல்ல அச்சு. நேட்டிவ் என்ற கட்டத்தில் ஆம், இல்லை இரண்டும் பளிச்சென்று தெரிந்தன. சம்பந்தம் ஆம் என்பதில் ஒரு டிக் அடித்தார். கை துறுதுறுத்தது. அடைப்புக்குறிக்குள் 'வெள்ளானூர்' என்று முத்து முத்தாக எழுதினார். ஒரு தடவை படித்துப் பார்த்தார். அந்தக் கட்டத்தில் அந்த ஊரின் பெயரை அவர் பார்ப்பது அதுதான் முதல் தடவை. மோசமாக இல்லை.

"கீழ சாட்சியில உங்க விவரத்தையும் எழுதிடுங்க சார்" என்றார் அலுவலர், வெந்நீரில் கையைத் திருப்பிப் போட்டுக்கொண்டே.

பெயர்: சம்பந்தம். தொழில்: ஓய்வு. முகவரி எழுதினார். அடுத்த கட்டம்: நேட்டிவ். அங்கே ஆம், இல்லை கிடையாது. கோடு மட்டும் இருந்தது.

பேனா 'அம்' வரைக்கும் போய்விட்டது. அவர் அதைப் பிடித்து நிறுத்தினார். அடித்தார். மேலே வெள்ளானூர் என்று எழுதியிருந்ததைப் பார்த்தார். கிணற்றைப் பார்த்தார்.

"எழுதுங்களேன், எத்தனை நேரம்? அவருக்குக் கை வீங்குது" என்றாள் சுலோசனா.

சம்பந்தம் பேனாவை எடுத்துவிட்டு அலுவலரை நோக்கிக் குனிந்து குரலைத் தாழ்த்தினார்.

"சார், ஒரு சந்தேகம். ரெண்டு பேருக்கும் ஒரே ஊரை எழுதினா, சொந்தக்காரன் சாட்சின்னு தள்ளிட மாட்டாங்களே?"